ஐம்பத்திரண்டாவது வெள்ளிக்கிழமை

எங்கள் தீவில், வைத்தேலேயில் இருக்கிற தேங்காய்ப்பால் ஆலையில் டின்களுக்கு லேபிள் ஒட்டும் பெண்கள் பதினான்கு பேர். 2011 ஜனவரியில் அவர்கள் ஒரு சீட்டு ஆரம்பித்தார்கள். ஏலம் கிடையாது, தள்ளுபடி கிடையாது. சம்பளம் வாங்கும் வெள்ளிக்கிழமைதோறும் பணம் போட வேண்டும். முதல் வெள்ளி எங்கள் ஊர்ப் பணத்தில் இரண்டு தாலா, அடுத்தது நான்கு, அதற்கடுத்தது ஆறு. இப்படி வாரத்துக்கு இரண்டு தாலா ஏறிக்கொண்டே போய், ஐம்பத்திரண்டாவது வெள்ளியான டிசம்பர் முப்பதாம் தேதி நூற்றிநான்கு. அன்று பெட்டியைத் திறந்து அவரவர் பணத்தை எடுத்துக்கொள்ளலாம். ஒரு வாரம் போடாமல் விட்டவளுக்குப் பணம் பிப்ரவரியில்தான்.

நோட்டும் பெட்டியும் மத்தீலாவிடம் இருந்தன. ஆலையிலேயே மூத்தவள் அவள்தான். பெட்டிக்கு மூன்று பூட்டு. ஒரு சாவி மத்தீலாவிடம், ஒன்று ரூத்தாவிடம், மூன்றாவது லாங்கியிடம்.

இரண்டு தாலா ஒரு பணத்தில் சேர்த்தியா? ஒரு பன் தின்று கோக்கோ குடித்தால் போய்விடும். அதனால் ஆரம்பத்தில் எல்லோரும் சிரித்துக்கொண்டே போட்டார்கள். முடிவில் எவ்வளவு வரும் என்பது மட்டும் யாருக்கும் தெரியவில்லை. மத்தீலா ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதிக் கூட்டிப் பார்த்தாள். மூன்று தடவை கூட்டியதில் மூன்று விடை வந்தது. நான் அப்போது ஊரில் இல்லை. ஒரு மத்தியானச் சாப்பாட்டு வேளையில் நடந்ததை அந்தப் பதினான்கு பேரும் பதினான்கு விதமாக எனக்குச் சொல்லியிருக்கிறார்கள். எல்லோரும் ஒத்துக்கொண்ட பகுதி இது:

லாங்கி லேபிள் சுருளிலிருந்து ஒரு நீளத் துண்டைக் கிழித்து, பின்பக்கம் ஐம்பத்திரண்டு கட்டம் போட்டு, சரியாக நடுவில் மடித்துக்கொண்டிருந்தாள்.

"ஏ லாங்கி, கிழங்கு ஆறிப்போகுது. என்னடி காயிதத்தோட வெளையாட்டு?"

"மத்தீலா அக்கா, இங்க பாருங்க. மொதக் கட்டம் ரெண்டு. கடைசிக் கட்டம் நூத்தி நாலு. மடிச்சா ஒண்ணு மேல ஒண்ணு வருது. சேர்த்தா நூத்தி ஆறு. ரெண்டாங் கட்டம் நாலு, அதுக்கு மேல வர்றது நூத்தி ரெண்டு. அதுவும் நூத்தி ஆறு."

"மூணாவது?"

"அதுவும் அதேதான். இந்தப் பக்கம் ரெண்டு ஏறுனா அந்தப் பக்கம் ரெண்டு எறங்குது. ஐம்பத்திரெண்டு கட்டத்தை மடிச்சா இருபத்தாறு ஜோடி. இருபத்தாறு நூத்தி ஆறு, ரெண்டாயிரத்து எழுநூத்தி ஐம்பத்தாறு."

அந்த அறையில் யாரும் அவ்வளவு பணத்தை மொத்தமாகப் பார்த்ததில்லை.

"இவ எட்டாங்கிளாஸோட நின்னவன்னு யாருடி சொன்னது?" என்றாள் ரூத்தா.

"நான்தான் நின்னேன். கணக்கு நிக்கல."

மற்றவர்கள் அந்தத் தொகையைக் கேட்டுச் சிரித்தார்கள், ஆளுக்கொரு ஆசை சொன்னார்கள். துணி துவைக்கும் மெஷின், கோயில் காணிக்கை, தகரக் கூரை. லாங்கி லேபிளை மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். அந்தத் தொகை அவளுக்கு அளவெடுத்துத் தைத்தது போல் இருந்தது.

அவளுக்கு ஒரே பெண், ஊலா. புருஷன் ஆப்பிள் பறிக்க நியூசிலாந்து போனவன் போனவன்தான். அப்போது ஊலாவுக்கு ஆறு வயது. அமெரிக்கா வசமுள்ள பக்கத்துத் தீவான பாங்கோவில் இருக்கும் நாத்தனார் வினேத்தா வந்து, "எனக்குப் பிள்ளையில்ல, உனக்குச் சோறில்ல. ஒரு வருஷம் எங்கிட்ட இருக்கட்டும்" என்று கூட்டிப்போனாள். எங்கள் ஊரில் இது புதிதில்லை. எந்த வீட்டிலும் யாராவது ஒரு பிள்ளை வேறு யாராவது வீட்டில்தான் வளரும். ஆனால் ஒரு வருடம் மூன்றானது. சீட்டுக்கு முந்தைய கிறிஸ்துமஸில் ஒரு சாவு வீட்டில் இருவரும் சந்தித்தபோது வினேத்தா, எல்லோர் காதிலும் விழும்படி சொன்னாள்:

"வர்ற வருஷக் கடைசியில நாங்க ஹொனலூலு போறோம். ஊலாவும் வரா. நீ வேணும்னா மூணு வருஷம் நான் கட்டுன பள்ளிக்கூடப் பணம் ஆயிரம் டாலரைக் கொண்டா, பிள்ளையக் கூட்டிட்டுப் போ."

பிள்ளையைத் திருப்பித் தரப் பணம் கேட்பது எங்களில் வழக்கமே இல்லை. முடியாது என்று தெரிந்துதான் கேட்டாள். அங்கேயிருந்த பெரியவர்கள் தரையைப் பார்த்தார்கள். லாங்கி மட்டும் நிமிர்ந்து, "கொண்டாறேன்" என்றாள்.

ஆயிரம் டாலர் எங்கள் கணக்கில் இரண்டாயிரத்து முந்நூறு தாலா. பாங்கோவுக்குப் போய்வர அவளுக்கு விமானக் கட்டணம் இருநூற்று எண்பது. திரும்பி வர ஊலாவுக்கு நூற்றைம்பது. ஆக இரண்டாயிரத்து எழுநூற்று முப்பது. சீட்டில் வருவதில் இருபத்தாறு தாலா மிஞ்சும். பிள்ளைக்கு ஒரு ஜோடிச் செருப்பு வாங்கலாம் என்று அதையும் ஒதுக்கி வைத்துவிட்டாள்.

நான் ஆறு வருடம் கப்பல் சமையலறைகளிலும் பழத்தோட்டங்களிலும் சுற்றிவிட்டு அந்த அக்டோபரில் ஊர் திரும்பி, அதே லேபிள் அறையில் வேலைக்குச் சேர்ந்தேன். வீடும் லாங்கி அக்காவுக்குப் பக்கத்து வீடு. அவளை முதலில் பார்த்தபோது நோயாளி என்றே நினைத்தேன். தோள்பட்டை எலும்பு உடைக்கு மேலே தெரிந்தது.

இந்தச் சீட்டின் குணம் அப்படி. ஏறுகிற படியில் முதல் பாதி கால்களுக்குத் தெரியாது. செப்டம்பரில் முப்பத்தாறு வாரம் முடிந்தபோது லாங்கி கூட்டிப் பார்த்திருக்கிறாள். ஆயிரத்து முந்நூற்று முப்பத்திரண்டு. பாதிகூட இல்லை. மிச்சமிருந்த பதினாறு வாரத்தில் பாதிக்கு மேல் கட்ட வேண்டும். அவளுடைய வாரச் சம்பளம் தொண்ணூற்றிரண்டு. நவம்பர் கடைசியில் சீட்டுப் பணம் சம்பளத்தைத் தாண்டிவிட்டது. பஸ் காசை மிச்சம் பிடிக்க ஆலைக்கு நடந்து வந்தாள். சனிக்கிழமைகளில் ஹோட்டலில் படுக்கை விரிப்பு துவைத்தாள். பெண் பன்றியை விற்றாள், பிறகு அதன் குட்டிகளை, பிறகு தன் கல்யாணத்துக்கு வந்த நெய்த பாயை. மரத்திலிருந்து விழும் ஈரப்பலாவைச் சுட்டுத் தின்றதுதான் மூன்று வேளையும்.

"அக்கா, இதுல நாலு துண்டு இறைச்சி இருக்கு, சாப்பிடுங்க" என்று தட்டை நீட்டினால், "உங்க வீட்டு இறைச்சியில ஒரே உப்பு" என்பாள். பத்து நிமிடம் கழித்துத் தட்டு காலியாக வேலிமேல் இருக்கும்.

மடித்த லேபிள் எப்போதும் அவள் சட்டைப்பையில் இருந்தது. ஒவ்வொரு வெள்ளியும் ஒரு கட்டத்தில் குறுக்குக்கோடு போட்டு மத்தீலா கையெழுத்திடுவாள். மடிப்பு நைந்து, பசை தடவி ஒட்டியிருந்தது.

டிசம்பர் இருபத்து மூன்று, வெள்ளிக்கிழமை. மத்தீலாவின் நோட்டுக்கு முன்னால் வரிசை நின்றது. லாங்கி நூற்றிரண்டு தாலாவை எண்ணி வைத்தாள். பாதிக்கு மேல் சில்லறை. ஐம்பத்தோராவது கட்டத்தில் கோடு விழுந்தது.

"இன்னும் ஒண்ணுதான்" என்றாள் என்னிடம். முகத்தில் ரொம்ப நாளைக்குப் பிறகு ஒரு வெளிச்சம். "அடுத்த வெள்ளிக் காலையில பெட்டி, மத்தியானம் ஏரோப்ளேன். வினேத்தா கெளம்புறது ராத்திரி பதினோரு மணிக்கு. போயிரலாம்."

நான் யோசிக்காமல் சொல்லிவிட்டேன். "அடுத்த வெள்ளி ஏதுக்கா?"

யாரோ சிரித்தார்கள். சிரிப்பு பாதியில் நின்றது.

தெரியாத விஷயமா என்ன? ஏழு மாதமாக ரேடியோ அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தது. அரசாங்கம் எங்கள் தீவுகளைத் தேதிக்கோட்டின் அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கம் மாற்றுகிறது, வியாழக்கிழமை படுத்தால் சனிக்கிழமை எழுந்திருப்போம், டிசம்பர் முப்பது என்று ஒரு நாள் இருக்காது. கோயிலில் ஜெபம் செய்தார்கள். முப்பதாம் தேதி பிறந்தவர்களை எல்லோரும் கேலி செய்தார்கள். லாங்கியும் கேலி செய்தவள்தான். ஆனால் சீட்டு ஜனவரியில் போட்டது. அப்போது சுவரில் மாட்டிய ஆலைக் காலண்டரை வைத்து வெள்ளிக்கிழமைகளை எண்ணினார்கள். அந்தக் காலண்டரில் முப்பதாம் தேதி இன்னும் கொழுகொழுவென்று உட்கார்ந்திருந்தது. ஊரே அறிந்த சேதியையும் சட்டைப்பையில் இருந்த காகிதத்தையும் பதினான்கு பேரில் ஒருத்திகூடச் சேர்த்துப் பார்க்கவில்லை.

மத்தீலா காலண்டரைப் பார்த்தாள். நோட்டைப் பார்த்தாள். "ஐயோ ஆண்டவரே" என்றாள், மெதுவாக.

லாங்கி நேராகச் சம்பளக் குமாஸ்தாவின் ஜன்னலுக்குப் போனாள்.

"அடுத்த வாரச் சம்பளம் என்னிக்கு?"

"வெள்ளிக்கெழம சம்பளம் வெள்ளிக்கெழமதாம்மா. அந்த வெள்ளி இல்லன்னா அதுக்கடுத்த வெள்ளி. ரெண்டு வாரத்தையும் சேர்த்து வாங்கிக்க. சந்தோஷம்தானே?"

பெட்டியை இப்போதே திறந்துவிடலாம் என்று திரும்பி வந்தபோது ரூத்தாவும் சாவியும் இல்லை. பணத்தைக் கட்டிய கையோடு தன் ஊரான சவாயித் தீவுக்குப் படகு பிடிக்க ஓடிவிட்டாள். போனில் பிடித்தோம்.

"முப்பதாந்தேதி வர்றேன்னுதானே சொன்னேன்! அது இல்லன்னா சனிக்கெழம வர்றேன். வியாழக்கெழம அப்பா கல்லறைக்குச் சிமெண்டு பூசறோம்டி, நான்தான் சமையல். எப்படி வர்றது?"

கிறிஸ்துமஸ் அன்று லாங்கி பாட்டுக்குழுவில் நின்று வாயை மட்டும் அசைத்தாள். மறுநாள் என் போனை வாங்கி வினேத்தாவைக் கூப்பிட்டாள். ஒலிபெருக்கியைப் போடச் சொன்னாள். தனியாகக் கேட்க அவளுக்குத் தைரியம் இல்லை.

"அண்ணி, ஒரு நாள் பொறுத்துக்க. பணம் சனிக்கெழம கையில வந்துரும்."

"ப்ளேனு வெள்ளிக்கெழம ராத்திரி. நான் என்ன அதைக் கயித்துல கட்டிவச்சா நிறுத்தறது?"

"வெள்ளிக்கெழமதான் இல்லயே!"

"உங்க ஊருல இல்ல. எங்க ஊருல இருக்கு." பிறகு வினேத்தாவின் குரல் கொஞ்சம் தணிந்தது. "லாங்கி, பிள்ள பெட்டியெல்லாம் கட்டியாச்சு. சும்மா அதைக் குழப்பாத."

போனை என் கையில் வைத்துவிட்டு லாங்கி தென்னைகளுக்கு நடுவே போய் நின்றாள். நான் பின்னாலேயே போனேன். அவள் என்னைப் பார்க்காமலே போகச் சொன்னாள். நான் போய்விட்டேன். அந்த இடத்தில் நான் சொல்லியிருக்க வேண்டியது ஒன்று இருந்தது. போனிலேயே வினேத்தா அதைச் சொல்லியும்விட்டாள். மூன்று நாள் எனக்கும் அது உறைக்கவில்லை. உலகத்தைச் சுற்றியவள் என்று பேர்தான்.

வியாழக்கிழமை சாயங்காலம் மத்தீலா வீட்டுப் பக்கமிருந்து கூச்சல் கேட்டது. ஓடிப் போனேன். லாங்கி தேங்காய் உரிக்கும் பாரையைப் பிடுங்கிக்கொண்டு வந்து மத்தீலாவின் வாசலில் நின்றிருந்தாள். மத்தீலா இரும்புப் பெட்டிமேல் உட்கார்ந்திருந்தாள். கனத்த உடம்பு. பெட்டி தெரியவேயில்லை.

"எந்திரிக்கா. என் பணத்தை மட்டும் எடுத்துக்கறேன்."

"பதிமூணு பொம்பளைங்க பணம் இதுல இருக்கு. பூட்டை ஒடைச்சா நாளைக்கு ஆளாளுக்கு ஒரு கணக்கு சொல்வாளுக. மூணு சாவி வரட்டும்."

"நாளைக்குன்னு ஒண்ணு இல்லக்கா! அதைத்தானே ஒரு வாரமா கத்திக்கிட்டு இருக்கேன்!"

"அப்ப என் தலையில போடு. போட்டுட்டுப் பெட்டியை எடுத்துக்க. போடுடி."

லாங்கி பாரையை ஓங்கினாள். உண்மையாகவே ஓங்கினாள். மத்தீலா கண்களை மூடிக்கொண்டாள், ஆனால் நகரவில்லை. பாரை தரையில் குத்தி நின்றது. லாங்கி அதைப் பிடித்தபடியே சரிந்து உட்கார்ந்தாள்.

"எம்மகளுக்கு என் மொகம் மறந்துபோகும்" என்றாள். "ஹொனலூலு போனா அப்புறம் அமெரிக்கா. நான் எத்தனை கட்டம் போட்டாலும் அங்க எட்டாது."

வெள்ளிக்கிழமை எங்கள் ஊரில் இல்லை, அவர்கள் ஊரில் இருக்கிறது. அப்போதுதான் எனக்கு அது மண்டையில் இறங்கியது.

"அக்கா, பாங்கோ நம்மகூட நகரலியே! அவங்க பழைய பக்கத்துலயே நிக்கறாங்க. நம்ம சனிக்கெழம அவங்களுக்கு வெள்ளிக்கெழம. நீ சனிக்கெழம மத்தியானம் இங்க ஏறுனா வெள்ளிக்கெழம மத்தியானம் அங்க எறங்குவ."

லாங்கி என்னை வெறுப்போடு பார்த்தாள். "எனக்குக் கணக்கு வரும். சின்னப்பிள்ளைக்குச் சொல்ற மாதிரி சொல்லாத."

"கப்பல்ல அந்தக் கோட்டைத் தாண்டி எனக்கு ஒரு வருஷம் பொறந்தநாளே வரல. திரும்பி வர்றப்ப ஒரு செவ்வாக்கெழமைய ரெண்டு தடவ கழிச்சேன். சத்தியமா."

"அப்ப அந்த வெள்ளிக்கெழம அங்க இருக்கா?"

"முழுசா இருக்கு. ராத்திரி பதினோரு மணிவரைக்கும் இருக்கு."

அவள் வெகுநேரம் தரையில் விரலால் கோடு போட்டு அழித்தாள். பிறகு சட்டைப்பையிலிருந்து லேபிளை எடுத்தாள். காலியாக இருந்த கடைசிக் கட்டத்தைப் பின்னுக்கு மடக்கிவிட்டு, மிச்ச ஐம்பத்தொன்றை நடுவில் மடித்தாள். இப்போது இரண்டும் நூற்றிரண்டும் சேர்ந்து ஜோடிக்கு நூற்றிநான்கு. இருபத்தைந்து ஜோடி. நடுவில் இருபத்தாறாவது கட்டம் துணையில்லாமல் தனியாக நின்றது, அதில் ஐம்பத்திரண்டு.

"ரெண்டாயிரத்து அறுநூத்தி ஐம்பத்திரெண்டு" என்றாள். "எழுபத்தெட்டு கொறையுது."

அன்றிரவு எல்லாக் கோயில்களிலும் மணி அடித்தார்கள். விடிந்தபோது சனிக்கிழமை.

ரூத்தாவின் படகில் ஒரே கூட்டம். பதினோரு மணிக்கு வர வேண்டியவள் ஒன்றரைக்கு வந்து சேர்ந்தாள். அதுவரை லாங்கி மத்தீலா வீட்டுக் கம்பத்தில் சாய்ந்து, சாலையை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தாள். மூன்று மணிக்கு விமானம். சாவிகள் திரும்பின. ஒருத்தி விதியை ஞாபகப்படுத்தினாள்:

"கட்டம் காலியா விட்டவளுக்குப் பிப்ரவரியிலதானே?"

"பதினாலு பேரும் காலியாத்தான் விட்டுருக்கோம்" என்றாள் மத்தீலா. "அப்ப பிப்ரவரியில எல்லாரும் வந்து எனக்கு ஒப்பாரி வைங்க. உளறாம உன் பணத்தை எடுடி."

முதலில் லாங்கிக்கு எண்ணினார்கள். அவள் வாங்கி, பையில் போட்டு, போகாமல் நின்றாள். கேட்க வாய் வரவில்லை. வியாழக்கிழமை பாரை ஓங்கியவள் சனிக்கிழமை எப்படிக் கேட்பாள்? மத்தீலா அவளை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. தன் பங்கிலிருந்து ஆறு தாலா எடுத்துத் தரையில் வைத்தாள்.

"எழுபத்தெட்டு. நாம பதிமூணு பேரு. தலைக்கு ஆறு. சீக்கிரம் வைங்கடி, ப்ளேனு போயிரும்."

ஃபங்காலி விமான நிலையத்தில் விமானம் தாங்குமா என்று பார்க்க எல்லோரையும் மூட்டைகளோடு தராசில் ஏற்றுவார்கள். லாங்கி ஏறியதும் எடை போடும் பையன் முள்ளைத் தட்டிப் பார்த்தான். "தராசு கெட்டுப்போச்சு போல" என்றான். கெட்டுப்போகவில்லை. அவள் அவ்வளவுதான் இருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை அங்கே ஏறினால் திங்கட்கிழமை இங்கே இறங்க வேண்டும். நான் திங்கட்கிழமை காலையிலிருந்தே வேலிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். சின்ன விமானம். முதலில் ஒரு போதகர் இறங்கினார். பிறகு கோழிக்கூண்டோடு ஒருவர். பிறகு லாங்கி, தனியாக. அவள் படிக்கட்டின் கீழே நின்று மேலே பார்த்துக்கொண்டே இருந்தாள். ரொம்ப நேரம் கழித்து ஒரு பெண் பிள்ளை, காலைவிடப் பெரிய செருப்பை இழுத்துக்கொண்டு, முகத்தைத் திருப்பியபடி இறங்கி வந்தாள்.

"பேச மாட்டேங்கறா" என்றாள் லாங்கி என்னிடம். "ஹொனலூலுவுல கடல் விளையாட்டுக் காட்டறேன்னு அத்தை சொல்லியிருக்கா. ரெண்டு நாளா எங்கூட ஒரு வார்த்தை இல்ல. ரெண்டா மூணான்னுகூட எனக்குத் தெரியல."

"வினேத்தா?"

"லாரியில சாமான் ஏத்திக்கிட்டு இருந்தா. என்னப் பாத்ததும் கையிலருந்த பெட்டிய விட்டுட்டா. 'தாலாவாவா கொண்டாந்த'ன்னு கேட்டா. எண்ணினா. பாதி எண்ணும்போதே அழுதுட்டா. நாலு வருஷம் வளத்தவ இல்லியா? அவ செருப்பையே கழட்டிப் பிள்ளைக்குப் போட்டு விட்டா." கொஞ்சம் நிறுத்தி, "பணத்தை மட்டும் திருப்பித் தரல" என்றாள்.

ஊலா அந்த வாரம் முழுக்க எங்கள் வீட்டில்தான் சாப்பிட்டாள். வியாழக்கிழமை அம்மாவின் லேபிளை எடுத்து விரித்துப் பார்த்துக்கொண்டிருந்தவள், யாரையும் பார்க்காமல் கேட்டாள்: "கடைசி ஏன் காலியா இருக்கு?"

"அந்த நாள் இங்க வரவேயில்ல" என்றாள் லாங்கி.

"வந்துச்சு. நான் அன்னிக்கு அப்பம் சாப்பிட்டேன். நீயும்தான் வந்த."

லாங்கி நெருப்பில் ஈரப்பலாவைத் திருப்பிக்கொண்டிருந்த குச்சியோடு அப்படியே நின்றுவிட்டாள். பிள்ளை அம்மாவிடம் பேசிய முதல் பேச்சு அது. அதற்காகவா, அதிலிருந்த கணக்குக்காகவா என்று எனக்குத் தெரியவில்லை.

மறுநாள் வெள்ளிக்கிழமை, ஜனவரி ஆறு. இரண்டு வாரச் சம்பளமும் சேர்ந்து வந்தது. புதுச் சீட்டுக்கு ஆளுக்கு இரண்டு தாலா போட வரிசையில் நின்றார்கள். லாங்கியின் முறை வந்தபோது மத்தீலா புது நோட்டை மூடிவைத்துவிட்டுப் பழைய நோட்டைத் திறந்தாள்.

"நூத்தி நாலு எடு."

"எதுக்கு?"

"எங்க பதிமூணு பேருக்கும் அந்த வெள்ளிக்கெழம கெடையாது. தப்பிச்சோம். நீதான் பாங்கோவுல போய் அந்த நாளை அனுபவிச்சுட்டு வந்திருக்க. ஐம்பத்திரெண்டாவது கட்டம் உனக்கு மட்டும் பாக்கி."

அறை வெடித்துச் சிரித்தது. லாங்கி சிரிக்கவில்லை. நூற்றி எண்பத்து நான்கு தாலாவிலிருந்து நூற்றிநான்கை எண்ணி மேசைமேல் வைத்தாள். லேபிளை நீட்டினாள். மத்தீலா கடைசிக் கட்டத்தில் கோடு போட்டுக் கையெழுத்திட்டாள். பிறகு அந்தப் பணத்தை எடுத்து, வரிசையில் நின்றவர்களுக்குத் தலைக்கு ஆறு ஆறாகத் திருப்பிக் கொடுத்து, தன் ஆறையும் மடியில் செருகிக்கொண்டு, மிச்சத்தை லாங்கியின் பக்கம் தள்ளினாள்.

இருபத்தாறு தாலா.

"அந்தப் பிள்ளைக்குக் காலுக்குச் சரியா ஒரு செருப்பு வாங்கிக் குடு" என்றாள். "இழுத்துக்கிட்டுத் திரியுறதப் பாக்க முடியல."